எக்தோர் அல்தேரியோவின் மற்ற படங்களையும் திரையிடுங்கள்

உலகப் படங்களைத் திரையிடும் திரைப்படச் சங்க நண்பர்களுக்கு,

வணக்கம். அர்ஜென்டினா என்றதும் நீங்கள் முதலில் எடுப்பது 1985இல் வந்த ‘தி அஃபிஷியல் ஸ்டோரி’யைத்தான். நல்ல படம், தொடர்ந்து போடுங்கள். ஆனால் அதில் கணவன் ரொபெர்த்தோவாக வருபவரைப் பற்றி, நான் போன திரையிடல்களில் யாரும் ஒரு வார்த்தை சொல்லவில்லை. ராணுவ ஆட்சியோடு ஒட்டி வாழ்ந்து, உண்மையைத் தேடும் மனைவியின் விரல்களைக் கதவிடுக்கில் நசுக்குகிறவன் அவன். பார்த்தவர்கள் அவனை வெறுத்துக்கொண்டே வீட்டுக்குப் போகிறார்கள்.

அந்த வேடத்தில் நடித்த எக்தோர் அல்தேரியோ, கொலை மிரட்டலால் நாட்டை இழந்தவர். 1974 செப்டம்பரில் ‘லா த்ரெகுவா’ படத்துக்காக ஸ்பெயினின் சான் செபஸ்தியான் திரைப்பட விழாவுக்குப் போயிருந்தார். அங்கே இருக்கும்போதே ‘ட்ரிபிள் ஏ’ என்ற வலதுசாரிக் கொலைப்படை அவரைக் குறிவைத்திருக்கும் செய்தி வந்தது. அர்ஜென்டினாவில் ராணுவம் ஆட்சியைப் பிடித்தது 1976இல். கொலைப் பட்டியல்கள் அதற்கு முன்பே தயாராகிவிட்டன. அவர் ஊர் திரும்பவில்லை. ஸ்பெயின் தலைநகர் மாட்ரிட்டில் தங்கி, நாற்பத்தைந்து வயதில் புதிதாகத் தொடங்கினார். அடுத்த இரண்டே ஆண்டில் ஸ்பெயின் இயக்குநர் கார்லோஸ் சௌராவின் ‘க்ரியா குயெர்வோஸ்’ படத்தில் நடித்திருந்தார். தன்னை விரட்டியவர்களின் பக்கம் நிற்கும் ஒருவனை, பின்னாளில் அவரே நடித்துக் காட்டினார். அந்த ரொபெர்த்தோ மிரட்டும் வில்லனாக இல்லாமல், அன்பான அப்பாவாகவும் இருப்பதுதான் நம்மை அதிகம் பயமுறுத்துகிறது.

அதனால் என் வேண்டுகோள் இது. அந்தப் படத்தோடு ‘லா த்ரெகுவா’வையும் போடுங்கள். மனைவியை இழந்த, ஓய்வுபெறப்போகும் ஒரு குமாஸ்தாவின் காதல் கதை. ஆஸ்கர் பரிந்துரை பெற்ற முதல் அர்ஜென்டினா படம். அதே 1974இல் வந்த ‘லா பத்தகோனியா ரெபெல்தே’யும் வேண்டும். 1921இல் வேலைநிறுத்தம் செய்த தொழிலாளர்களைச் சுட்டுக்கொல்லும் ராணுவ அதிகாரியாக அதில் வருகிறார். பெர்லின் திரைப்பட விழாவில் வெள்ளிக் கரடி விருது வாங்கிய அந்தப் படத்தைச் சொந்த நாட்டிலேயே பல ஆண்டுகள் பார்க்க முடியாமல் போனது.

அப்புறம், 2001இல் வந்த ‘சன் ஆஃப் தி பிரைட்’. நினைவிழந்துபோன மனைவிக்கு, இளமையில் மறுத்த தேவாலயத் திருமணத்தை இப்போதாவது செய்துவைக்க ஆசைப்படும் கிழவர் நீனோவாக வருகிறார். அந்த மனைவியாக நடிப்பவர் நோர்மா அலெயாந்த்ரோ, ‘தி அஃபிஷியல் ஸ்டோரி’யில் விரல் நசுங்கும் மனைவியாக வந்த அதே நடிகை. அவரும் அந்த ராணுவ ஆட்சிக்காலத்தில் நாட்டைவிட்டு வெளியேறியவர்தான். இரண்டு படங்களையும் அடுத்தடுத்த நாட்களில் போட்டால் கூட்டம் தானாகவே பேச ஆரம்பிக்கும்.

திரையிடலுக்கு முன் வாசிக்க ஒரு பக்க அறிமுகம் வேண்டுமென்றால் சொல்லுங்கள், நான் எழுதித் தருகிறேன்.

அன்புடன்,
உங்கள் பார்வையாளர்களில் ஒருவர்