'அடுத்த லெப்ரான்' என்று மட்டும் போடாதீர்கள்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

போன வாரம் உங்கள் விளையாட்டுப் பக்கத்தில் பதினொன்றாம் வகுப்புப் பையன் ஒருவனின் படம் போட்டிருந்தீர்கள். ஆறடி ஐந்து அங்குலமாம், அமெரிக்கக் கூடைப்பந்து நட்சத்திரம் லெப்ரான் ஜேம்ஸின் பெயரை வைத்துத் தலைப்பில் 'தமிழகத்தின் லெப்ரான்' என்று இருந்தது. முப்பத்தோரு வருஷம் பி.டி. வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவன் நான், அதில் பாதி ஆயுள் கூடைப்பந்து மைதானத்து ஓரத்தில் விசில் ஊதியே கழிந்தது. படத்தைப் பார்க்க சந்தோஷமாகத்தான் இருந்தது. ஆனால் அவனுக்கு யார் சொல்லிக்கொடுக்கிறார்கள், என்ன சாப்பிடுகிறான், பத்தாவது பரீட்சை சமயத்தில் பந்தைத் தொட விட்டார்களா, இந்த மூன்றும் கட்டுரையில் எங்கே தேடியும் இல்லை. உயரம் மட்டும் மூன்று இடத்தில் வந்திருந்தது.

சரி, லெப்ரான் ஜேம்ஸையே எடுத்துக்கொள்வோம். அமெரிக்காவில் ஓஹையோ மாநிலத்து ஏக்ரன் நகரத்துப் பிள்ளை. அவர் பிறந்தபோது அம்மாவுக்குப் பதினாறு வயது, வாடகை வீடு மாறி மாறி நான்காம் வகுப்பில் பாதி நாள் பள்ளிக்கூடமே போகவில்லை. அப்புறம் ஃபிராங்க் வாக்கர் என்ற உள்ளூர்ப் பயிற்சியாளர் தன் வீட்டிலேயே கொண்டுபோய் வைத்துக்கொண்டார், தன் பிள்ளைகளோடு சேர்த்துச் சாப்பாடு, வீட்டுப்பாடம், காலையில் நேரத்துக்கு எழுப்பிவிடுவது எல்லாம். அடுத்த வருஷம் ஒரு நாள் கூட லீவு போடவில்லை. சின்ன வயதிலிருந்து சேர்ந்து ஆடிய கூட்டாளிகளோடுதான் உயர்நிலைப் பள்ளிக்கும் போனார். முதல் வருஷத்தில் அந்தப் பள்ளி 27 ஆட்டம் ஆடி 27-லும் ஜெயித்தது. 2002 பிப்ரவரியில் ஸ்போர்ட்ஸ் இல்லஸ்டிரேட்டட் பத்திரிகை அட்டையில் அவர் படம் வந்தபோது வயது பதினேழு. உலகம் அந்த அட்டையிலிருந்துதான் கதையை ஆரம்பிக்கிறது. எனக்கென்னவோ வாக்கர் வீட்டுச் சாப்பாட்டு மேசையிலிருந்து ஆரம்பிக்க வேண்டும் என்றுதான் தோன்றுகிறது.

இன்னொரு பையனை நம் பத்திரிகைகள் எல்லாமே மறந்துவிட்டன. சத்னாம் சிங். பஞ்சாபில் பர்னாலா மாவட்டத்தில் பல்லோ கே என்று ஒரு சின்ன கிராமம், அப்பா விவசாயி, அவரே ஏழடியைத் தாண்டியவர். தான் ஆட முடியாமல் போன ஆட்டத்தை மகனாவது ஆடட்டும் என்று லூதியானா கூடைப்பந்து அகாடமியில் கொண்டுபோய்ச் சேர்த்தார். அங்கே பயிற்சியாளர் சங்கரன் சுப்பிரமணியன் (பெயரைப் பார்த்ததும் நம் ஆட்கள் நிமிர்ந்து உட்காருவார்கள் என்று தெரியும்). சத்னாம் மட்டுமில்லை, அம்ஜோத் சிங், அம்ரித்பால் சிங் என்று இந்திய அணியின் பெரிய ஆட்கள் பலர் அவரிடம் அடிப்படை கற்றவர்கள். உயரமான பையன் ஓட மாட்டான், குனிய மாட்டான், வளையத்துக்குக் கீழே போய் நின்றுகொள்வான். அவனைக் குனிய வைத்துக் கால் நகர்த்தப் பழக்குவதுதான் வேலையே. அதைச் செய்தவர் பெயரை எத்தனை பேர் எழுதினார்கள்?

2010-ல், பதினான்கு வயதில், உதவித்தொகையோடு அமெரிக்காவில் ஃபுளோரிடாவில் உள்ள ஐஎம்ஜி அகாடமி என்ற விளையாட்டுப் பயிற்சிப் பள்ளிக்குப் போனான் சத்னாம். ஆங்கிலம் தெரியாது. உயரத்தை ஏழடி இரண்டு அங்குலத்துக்கு வளர்த்துக்கொண்டான், ஆட்டத்தையும் வளர்த்துக்கொண்டான், ஆனால் கல்லூரி அணிக்குத் தேவையான படிப்புத் தகுதி கைகூடவில்லை. அதனால் நேராக என்பிஏ டிராஃப்டுக்கே, அதாவது அமெரிக்காவின் உச்ச கூடைப்பந்து லீக்கின் அணிகள் புது ஆட்களை வரிசையாகத் தேர்ந்தெடுக்கும் நிகழ்ச்சிக்கே, பெயர் கொடுத்தான். 2015 ஜூன் 25-ஆம் தேதி டல்லஸ் மேவரிக்ஸ் அணி 52-வது ஆளாக அவனை எடுத்தது. டிராஃப்டில் எடுக்கப்பட்ட முதல் இந்தியன். அன்றைக்கு நானும் பள்ளி அறிவிப்புப் பலகையில் செய்தித்தாளை வெட்டி ஒட்டினேன், பிள்ளைகளுக்கு மிட்டாய் கூட வாங்கிக்கொடுத்தேன். ஆகவே இந்தக் குற்றத்தில் எனக்கும் பங்குண்டு.

அதற்கு அப்புறம்? என்பிஏ லீக்கில் ஒரு ஆட்டம் கூட அவன் இறங்கவில்லை. கீழ்மட்ட லீக்கில் டெக்சஸ் லெஜண்ட்ஸ் அணியில் சில நிமிஷங்கள், பிறகு கனடாவில் ஒரு அணி, 2019-ல் ஊக்கமருந்துச் சோதனையில் மாட்டி இரண்டு வருஷத் தடை. இப்போது அமெரிக்காவில் தொழில்முறை மல்யுத்த மேடையில் நிற்கிறார். அது அவர் பிழைப்பு, கேலி பேச எனக்கு உரிமையில்லை. ஆனால் பத்தொன்பது வயதில் அவரைத் தூக்கிவைத்து ஆடிய நாம், இருபத்துமூன்று வயதில் எங்கே இருக்கிறார் என்று திரும்பிப் பார்க்கவில்லையே.

திரும்பி வந்து ஆட இங்கே இடமாவது இருந்ததா என்றால் அதுவும் இல்லை. 2015-ல் இந்தியாவில் யூபிஏ என்று ஒரு கூடைப்பந்து லீக் ஆரம்பித்தார்கள், நமக்கும் சென்னை ஸ்லாம் என்று அணி இருந்தது, இரண்டொரு வருஷத்தில் மூடிவிட்டார்கள். அதனால்தான் நம் பிள்ளைகளுக்குக் கூடைப்பந்து என்பது ஸ்போர்ட்ஸ் கோட்டாவில் கல்லூரி சீட்டு, அதிர்ஷ்டம் இருந்தால் ரயில்வேயிலோ போலீஸிலோ வேலை. இதைத் தப்பென்று நான் சொல்லவே மாட்டேன். அந்த சர்டிபிகேட்டால் பிழைத்த குடும்பங்களை எனக்குத் தெரியும்.

என்னிடம் ஒருத்தன் ஆடினான், ஆறடி மூன்று அங்குலம், அப்பா லோடுமேன். எங்கள் மைதானம் சொரசொரப்பான சிமெண்ட் தரை, மே மாதம் மதியம் மூன்று மணிக்குக் கையை வைத்தால் தோல் உரியும். பெரியகுளத்தில் மே மாதம் நடக்கும் அகில இந்தியப் போட்டிக்கு அவனைக் கூட்டிப்போய் கேலரியில் உட்கார வைத்தேன். வெளிமாநிலத்து ஆட்கள் ராத்திரி விளக்கு வெளிச்சத்தில் ஆடுவதைப் பார்த்தவன், ஆட்டத்தைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. "சார், அந்த ஷூ என் சைஸுக்குக் கிடைக்குமா?" என்றான். பன்னிரண்டாம் நம்பர் எங்கள் ஊர்க் கடைகளில் கிடையாது. பஸ் ஏறி மதுரைக்குப் போய் ஒரு ஜோடி வாங்கிவந்தோம், சிமெண்ட் தரை அதை மூன்றே மாதத்தில் தின்றுவிட்டது. அடியில் சைக்கிள் டியூப் வெட்டி ஒட்டி இன்னும் இரண்டு மாதம் ஓட்டினான். பத்தாவது வந்ததும் வீட்டில் நிறுத்திவிட்டார்கள். பிளஸ் ஒன்னில் மறுபடி வந்தபோது உயரம் கூடியிருந்தது, கால் மட்டும் பழைய வேகத்துக்கு வரவே இல்லை. பதினைந்து வயதில் விட்ட ஒரு வருஷத்தைப் பிறகு பிடிப்பது ரொம்பக் கஷ்டம். அவன் இப்போது வேன் ஓட்டுகிறான், பார்த்தால் நிறுத்தி வணக்கம் சொல்லிவிட்டுத்தான் போவான்.

அதனால் சொல்கிறேன், பள்ளிப் பிள்ளைகளைப் பற்றி எழுதுங்கள், தாராளமாக எழுதுங்கள், பக்கம் பக்கமாக எழுதினாலும் நான் படிப்பேன். நம் சென்னைப் பெண் அனிதா பால்துரை இந்திய அணிக்குக் கேப்டனாக இருந்து பல வருஷம் ஆடியவர், 2021-ல் பத்மஸ்ரீ வாங்கினார். அவரிடம் போய்ப் பள்ளி நாட்களைக் கேட்டு எழுதினால் பெண் பிள்ளைகளைப் பெற்ற பத்துப் பேராவது கத்தரித்து வைத்துக்கொள்வார்கள். பதினாறு வயதுப் பையன் தலையில் மட்டும் லெப்ரான் பெயரைத் தூக்கி வைக்காதீர்கள். வைத்துவிட்டால் நாளைக்கு அவன் கல்லூரி அணியில் நன்றாக ஆடினாலும் ஊருக்கு அது தோல்வி மாதிரிதான் தெரியும்.

அந்தப் பையன் அடுத்து பிளஸ் டூ. பரீட்சை முடிந்ததும் அதே நிருபரை அதே மைதானத்துக்கு ஒருமுறை அனுப்பிவையுங்கள். அவன் அங்கே இருந்தால், ஷூவைக் கழற்றச் சொல்லி அடிப்பக்கத்தையும் ஒரு படம் எடுத்துப் போடுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற உடற்கல்வி ஆசிரியர்,
தேனி மாவட்டம்.