மகனுக்கு

அன்பு மகன்,

அம்மா எழுதுகிறேன். போன் மணி அடித்து அடித்து நின்றுவிடுகிறது, அதனால்தான் கடிதம். இங்கே எல்லாரும் சுகம். மஸ்கெலியாவில் மழை இல்லை, தேயிலைக் கொழுந்தும் குறைவு. மாசி பிறந்ததும் காமன் கூத்து ஆடும் பொட்டலைச் செதுக்கிவிட்டார்கள். இந்த வருஷமும் கடைசி லயத்துப் பையன்தான் ரதி வேஷம் கட்டுகிறான். நன்றாகத்தான் ஆடுகிறான். ஆனால் மதன் எரிந்த பிறகு ரதி புலம்பும் இடத்தில் நீ ஒரு திரும்பு திரும்பி நிற்பாயே, அது அவனுக்கு வரவில்லை. அப்பாவும் அதையே சொல்லித் தப்பு மேளத்தைக் கீழே வைத்துவிட்டார்.

கொழும்பில் உன்னைப் பார்த்ததாகச் சின்னவன் சொன்னான். வேறு ஒன்றும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. நீ வகுப்பு எடுக்கிற இடத்தில் என்ன தரை? சீமெந்துத் தரையில் குதிக்காதே மகன். அடியில் இடைவெளி விட்டு அடித்த பலகை என்றால் உதையைத் தானே வாங்கிக்கொள்ளும் என்று நீதானே சொன்னாய்? நம் ஆட்கள் விடிய விடிய ஆடினாலும் மண்ணில்தான் ஆடினார்கள்.

கண்டியில் நீ போட்ட கொழுந்தெடுக்கும் ஆட்டத்தை இன்னும் இங்கே பேசுகிறார்கள். கூடைக் கயிறு தலையை இழுக்கிற பாரம் பிள்ளைகளின் கழுத்தில் தெரியவில்லை என்று ஒத்திகையில் நான் சொன்னதும் நீ மாற்றினாயே, அன்றைக்கு எனக்கு இருந்த பெருமை! அந்தப் பிள்ளைகள் ஆடும்போது நீ நாற்காலியில் உட்கார்ந்துதான் பார்த்தாய். ஆட்டம் முழுக்க உன்னுடையதாகத்தான் இருந்தது. ஊர்ப் பிள்ளைகளுக்கெல்லாம் சொல்லிக்கொடுக்கிறாய், நம் தோட்டத்துப் பிள்ளைகளுக்கு மட்டும் இரண்டு நாள் ஒதுக்க முடியவில்லை. சரி, அதை விடு.

மார்த்தா கிரஹாம் என்று ஒரு அமெரிக்கக்கார அம்மாவின் படம் காட்டினாயே. எழுபது வயதைத் தாண்டியும் மேடையில் ஆடியவர், ஆட முடியாமல் போனதும் மனம் உடைந்து கிடந்தார், அப்புறம் எழுந்து வந்து 1990இல், 96 வயதிலும், புது நடனம் அமைத்தார் என்றாய். நம் நாட்டு நடனக் கலைஞர் சித்திரசேனா 1944இல் தொடங்கிய நடனப் பள்ளியை இன்று அவருடைய பேரப்பிள்ளைகள் நடத்துகிறார்கள். இதையெல்லாம் நீ சொல்லித்தான் நான் அறிந்தேன். மறந்துவிட்டாயோ என்றுதான் எழுதுகிறேன்.

பொதிக்குள் முடக்கத்தான் எண்ணெய் ஒரு போத்தல் வைத்திருக்கிறேன். வகுப்பில் யாருக்காவது உதவும். இளஞ்சூடாக்கி இரவில் தேய்க்கவேண்டும். சீமெந்துத் தரையில் மட்டும் ஆடாதே.

உன் அறை மூன்றாம் மாடி என்றாய். இப்போதும் படியேறித்தான் போகிறாயா? வேறெதுவும் எழுத நேரமில்லை என்றாலும் அதை மட்டுமாவது எழுது.

உன் அம்மா