மூலக் குரலுக்கும் ஒரு காட்சி ஒதுக்குங்கள்

நம் திரைப்பட வட்டத்தின் செயற்குழுவினருக்கு வணக்கம்.

பிரிக்பீல்ட்ஸ் திரையிடலில் இனி பழைய குற்றப் படங்களை எல்லாம் ஆங்கில டப்பிங்கில்தான் போடப் போகிறீர்களாம். எழுத்தைப் படித்துக்கொண்டே படம் பார்ப்பது சிரமம் என்கிறீர்கள். அதைக் கோலாலம்பூரில் சொன்னால் எப்படி? தமிழ்ப் படத்துக்கே கீழே மலாய் வரி ஓடும் ஊராயிற்றே! இந்திப் படத்தையும் ஹாங்காங் படத்தையும் அந்த வரிகளைப் பிடித்துக்கொண்டுதானே பார்த்தோம்.

'நாயகன்' (1987) படத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். வேலுவுக்கு இந்தி தெரியாது. பம்பாய்ப் புள்ளிகளோடு பேரம் பேசும்போது பக்கத்தில் டெல்லி கணேஷ் இருந்து மொழிபெயர்க்கிறார். எல்லாரும் ஒரே மொழி பேசும்படி டப் செய்துவிட்டால், பாவம், அந்த மனிதருக்கு அங்கே என்ன வேலை? பாஷை தெரியாமலே எதிரே உட்கார்ந்து காரியம் சாதிக்கும் வேலுவின் மிடுக்கும் கூடவே போய்விடும்.

ஜப்பானிய இயக்குநர் குரோசாவாவின் 'ஹை அண்ட் லோ' (1963) படத்தில் கடத்தல்காரன் முதலில் நமக்கு வெறும் தொலைபேசிக் குரல்தான். அவன் பேசிய பதிவைப் போலீஸ் போட்டுக் கேட்கிறது. பின்னால் கேட்கும் ரயில் ஓசையை வைத்தே அது எந்த ரயில் என்று ஒரு ரயில்வே ஊழியர் சொல்லிவிடுகிறார். காதால் துப்புத் துலக்கும் படம் அது. அதன் குரல்களையா மாற்றுவது?

1960, 70களின் இத்தாலியப் படங்கள் வேறு வழக்கு. அங்கே பெரும்பாலும் படப்பிடிப்பில் பதிந்த குரலைப் பயன்படுத்துவதில்லை. இத்தாலிய வடிவமே பின்னால் குரல் கொடுத்ததுதான். அவற்றைத் தாராளமாக ஆங்கிலத்தில் போடுங்கள், நான் வாய் திறக்க மாட்டேன். 'ரிஃபிஃபி' (1955) என்ற பிரெஞ்சுப் படத்தின் நகைக்கடைக் கொள்ளைக்கு அந்தக் கவலையும் இல்லை. ஏறக்குறைய அரை மணி நேரம் வசனமும் கிடையாது, இசையும் கிடையாது.

கண் பார்வை மங்கிய பெரியவர்களுக்கு டப்பிங் வேண்டும் என்பது நியாயம்தான். அதனால் மதியக் காட்சியை அவர்களுக்கு வைத்துக்கொண்டு, இரவுக் காட்சியை மூல மொழியில், மலாய் வரியோ ஆங்கில வரியோ கிடைப்பதோடு போடலாமே. அப்புறம், எந்தக் காட்சி எந்த மொழியில் என்று வாட்ஸ்அப் அறிவிப்பிலேயே போட்டுவிடுங்கள். வந்து உட்கார்ந்த பிறகு தெரிந்து என்ன பயன்?

அடுத்த மாதப் பட்டியலில் குரோசாவா இருக்கிறார். அதிலிருந்தே தொடங்கலாம். இரவுக் காட்சிக்கு நாற்காலி போட ஆள் இல்லை என்றால் நான் வருகிறேன்.

இப்படிக்கு,
வட்டத்தின் உறுப்பினர் ஒருவர்