செயலாளர் ஆண்டறிக்கை 2025–26

தலைவர் அவர்களுக்கும் நிர்வாகக் குழுவினருக்கும், வந்திருக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

குடியரசு தினக் கொடியேற்றம், பொங்கல் விழா, கண் சிகிச்சை முகாம் வழக்கம்போல் நடந்தன. கொசு மருந்து அடிக்க மனு கொடுத்தோம், அடித்தார்கள். தெருவிளக்குக்கும் கொடுத்தோம், பதில் இல்லை.

"போர் தண்ணி டெஸ்ட் என்ன ஆச்சு?" என்று வாட்ஸ்அப் குழுவில் ஓயாமல் கேட்பவர்கள் இதைக் கவனிக்கவும். நாம் இருப்பது பெருங்குடி குப்பைக் கிடங்கை ஒட்டி. அதைச் சுற்றியுள்ள நிலத்தடி நீரில் பிஃபாஸ் (PFAS) என்ற, எளிதில் சிதையாத வேதிப்பொருள் குடும்பம் இருப்பதைச் சென்னை ஐ.ஐ.டி. ஆய்வாளர்கள் கண்டிருக்கிறார்கள். ஐ.எஸ். 10500:2012 என்ற இந்தியக் குடிநீர்த் தரப் பட்டியலில் இதற்கு வரம்பே கிடையாது. அமெரிக்கா 2024-இல் இந்தக் குடும்பத்தின் பிஃபோவா (PFOA), பிஃபோஸ் (PFOS) ஒவ்வொன்றுக்கும் விதித்த வரம்பு லிட்டருக்கு 4 நானோகிராம். நீரில் கரைந்த மொத்த உப்பைக் காட்டும் டி.டி.எஸ். மீட்டரில் இது தெரியாது. கொதிக்க வைத்தாலும் போகாது.

ஆய்வகத்திடம் கட்டணத்தைவிட முதலில் கேட்க வேண்டியது, எவ்வளவு குறைவாக அளக்க முடியும் என்பதை. 100 நானோகிராமுக்குக் கீழ் பார்க்க முடியாத இடம் "இல்லை" என்று எழுதித் தந்தால் அந்தக் காகிதத்துக்கு மதிப்பில்லை.

மாதிரி பிடிக்கும் பாட்டில்கள் ஆய்வகம் தந்த 250 மி.லி. பாலிபுரொப்பிலீன் பிளாஸ்டிக். சிலர் வீட்டிலிருந்து மினரல் வாட்டர் பாட்டிலில் பிடித்து வந்தார்கள், திருப்பி அனுப்பினோம். கண்ணாடியும் கூடாது, அதன் சுவரில் பிஃபாஸ் ஒட்டிக்கொள்ளலாம். இந்தப் பாட்டிலில் ஓரளவு ஒட்டியதையும் கழுவி எடுத்து அளப்பதால் ஆய்வகம் பாட்டிலை முழுதாகவே எடுத்துக்கொள்ளும். பாதியை ஊற்றிப் பங்கு போட முடியாது. குளோரின் கலந்த மெட்ரோ வாட்டருக்கான பாட்டிலில் குளோரினை முறிக்கும் தூள் முன்பே போடப்பட்டிருக்கும். அலசினால் அது போய்விடும்.

சம்புக்கும் ஆர்.ஓ.வுக்கும் முன்னால், போரிலிருந்து நேராக வரும் குழாயில்தான் பிடிக்க வேண்டும். மோட்டாரைக் கால் மணி நேரமாவது ஓடவிட்டு, டி.டி.எஸ். அளவு நிலைத்த பிறகு பிடிக்கலாம். நம் பிளம்பர்கள் ஒவ்வொரு மரையிலும் டெஃப்லான் டேப்பைச் சுற்றி வைத்திருக்கிறார்களே, அதுவும் இந்தக் குடும்பத்துச் சரக்குதான். கழற்ற முடிந்த குழாய்முனையைக் கழற்றிவிட்டுப் பிடித்தோம். முடியாத இடத்தில் குறித்து வைத்தோம். பாட்டில்களைக் குளிர வைக்க ஜெல் பேக் வேண்டாம், பாலித்தீன் பையில் கட்டிய ஐஸ் கட்டி போதும்.

வேலைக்கு இருவர் வேண்டும். ஒருவர் பவுடர் இல்லாத நைட்ரைல் கையுறையோடு பாட்டிலை மட்டும் தொடுவார். மற்றவர் மோட்டார், வால்வு, குறிப்பு. பெயர் கொடுத்தவர்களில் பாதிப் பேர் வரவில்லை. வந்தவர்களில் ஒருவர் மழைக்கோட்டு போட்டிருந்தார், ஒருவர் சன்ஸ்கிரீன் பூசியிருந்தார். இவற்றிலும் பிஃபாஸ் இருக்கலாம் என்பதால் வேண்டாம் என்று சுற்றறிக்கையில் தடித்த எழுத்தில் போட்டிருந்தோம். அவர்களை ஒதுக்கியதும் ஆள் போதாமல், மோட்டார் போட்ட கையே மூடியையும் திறந்தது.

விளைவு, பிடிக்கும்போது வெளியிலிருந்து ஏதாவது கலந்ததா என்று காட்டும் வெற்று மாதிரியில் தெரிந்தது. பிஃபாஸ் இல்லாத நீரை ஆய்வகமே ஒரு பாட்டிலில் தரும். போரடியில் அதைத் திறந்து காலி பாட்டிலுக்கு மாற்றி மூட வேண்டும். அதில் பிஃபோஸ் வந்திருக்கிறது. ஆய்வகம் உறுதியாகச் சொல்லக்கூடிய மிகக் குறைந்த அளவான அறிக்கை வரம்பில் மூன்றில் ஒரு பங்கைத் தாண்டினாலே, உடன் எடுத்த மாதிரிகளில் கண்ட அந்தச் சேர்மத்தின் அளவு செல்லாது. எனவே எந்த வீட்டுப் போரின் அளவையும் நான் சொல்லப் போவதில்லை. மறைக்கிறேன் என்பவர்கள் கோப்பைப் பார்க்கலாம்.

வரவு செலவைப் பொருளாளர் தணிக்கைக்குக் கொடுத்திருக்கிறார், கையிருப்பு சொற்பம். ஒத்துழைத்த நிர்வாகக் குழுவுக்கும், கூடம் தந்த கோயில் அறங்காவலர்களுக்கும் நன்றி.

மறு மாதிரியைக் கோடையில் ஒரு முறையும், வடகிழக்குப் பருவமழை முடிந்து ஒரு முறையும் எடுக்க வேண்டும். மழைநீர் கலந்தால் அளவு மாறும். ஆய்வகம் முன்பணம் வாங்காமல் பாட்டில் அனுப்பாது. சந்தா பாக்கிப் பட்டியல் என்னிடம் இருக்கிறது, இன்று வாசிக்கவில்லை. முதல் சுற்றில் எந்தெந்த வீட்டுப் போர் என்பதைச் சித்திரை முடிவதற்குள் தீர்மானிப்போம்.

இப்படிக்கு,
செயலாளர்