ஹாம்லெட் மாலைக்குத் தோள் கொடுத்தவர்களுக்கு

அன்புள்ள எல்லாருக்கும் வணக்கம்.

போன சனிக்கிழமை மாலை முனிச்சில், அந்தத் தேவாலயத்தின் நிலவறை மண்டபத்தில், ஃபிரான்ஸ் பீட்டர் விர்த் என்ற தொலைக்காட்சி இயக்குநரைப் பற்றிப் பேசினேன். நாற்பது நாற்காலி போட்டோம். பதினேழு பேர் வந்தீர்கள். ஒருவர்கூட நடுவில் எழுந்து போகவில்லை. அது என் பேச்சுத் திறமையால் அல்ல என்பது எனக்கு நன்றாகத் தெரியும். அதனால்தான் இந்த மடல்.

முதல் நன்றி, மண்டபத்துக்கு வர முடியாத ஒருவருக்கு. நான் வேலை செய்யும் முதியோர் இல்லத்தில் இருப்பவர். பெயரை எழுதக்கூடாது, தையலம்மா என்று வைத்துக்கொள்வோம். இளம் வயதில் கைசல்காஸ்டைக் படப்பிடிப்பு வளாகத்தில் உடை தைத்தவர்.

ஓர் இரவுப் பணியில் நான் கைபேசியில் 'மிஸ்டரி சயின்ஸ் தியேட்டர் 3000' பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தேன். ஓர் ஆளும் இரண்டு பொம்மை ரோபோக்களும் திரைக்குக் கீழே உட்கார்ந்து, ஓடுகிற படத்தைக் கலாய்த்துத் தள்ளும் அமெரிக்க நிகழ்ச்சி. 1999-இல் அவர்கள் கையில் சிக்கியது ஷேக்ஸ்பியரின் நாடகத்தை வைத்து விர்த் 1961-இல் தொலைக்காட்சிக்காக எடுத்த 'ஹாம்லெட்'. நடிகர் மாக்சிமிலியன் ஷெல்தான் அதில் ஹாம்லெட். தூக்கம் வராமல் நடமாடிக்கொண்டிருந்த தையலம்மா எட்டிப் பார்த்தார். சிரிக்கவில்லை. "சத்தத்தை நிறுத்து, வாயைப் பார்" என்றார்.

நிறுத்தினேன். பார்த்தேன். ஷெல்லின் உதடுகள் பேசியது ஷ்லேகெல் என்பவர் செய்த ஜெர்மன் மொழிபெயர்ப்பை. 'ஸைன் ஓடர் நிஷ்ட்ஸைன்' (ஆங்கிலத்தில் 'டு பி ஆர் நாட் டு பி') என்று திறந்து மூடும் வாயில், பின்னாளில் அமெரிக்காவுக்காக ஷேக்ஸ்பியரின் மூல ஆங்கிலத்தைக் கொண்டுவந்து திணித்திருக்கிறார்கள். அதாவது, மூல ஆசிரியர் தன் மொழிபெயர்ப்பாளரின் வாயசைப்புக்குள் அடங்க வேண்டிய நிலை! ஷெல் தன் குரலைத் தானே கொடுத்தார். மன்னன் கிளாடியஸுக்கு நடிகர் ரிக்கார்டோ மொண்டல்பான் குரல். அப்படியும் ஒட்டவில்லை. ரோபோக்கள் சிரித்ததில் பாதி அந்த ஒட்டாமையைப் பார்த்துத்தான். சத்தமில்லாமல் பார்த்தால் அது வேறு படம். மேடையில் இருளும் சில படிகளும் தவிர பெரிதாக ஒன்றுமில்லை. சின்னத் திரை முழுக்க முகங்கள். சனிக்கிழமை நான் பேசியதன் சாரமே இவ்வளவுதான். அதைக் கண்டுபிடித்தவர் அவர்.

இன்னொன்றும் அவர் சொன்னதுதான். அந்தக் கறுப்பு வெள்ளைக் கேமராக்களுக்குத் தூய வெள்ளைத் துணி ஆகாது, கண் கூசும்படி எரியும். அதனால் சட்டைகளைத் தேநீரில் முக்கிக் காயவைப்பார்களாம். "ஹாம்லெட்டின் சட்டையையுமா?" என்று ஆசையாகக் கேட்டேன். "எனக்கென்ன தெரியும், நான் பக்கத்து அரங்கில் இருந்தேன்" என்று சொல்லிவிட்டுத் தூங்கப் போய்விட்டார்.

அடுத்தது, ஓய்வுபெற்ற அந்த ஜெர்மன் ஆசிரியருக்கு. என் குறிப்புகளைத் திருத்தித் தந்திருக்காவிட்டால் மண்டபத்தில் என் மானம் போயிருக்கும். விர்த்தின் 1978 'வாலன்ஸ்டைன்' தொடரை ஜெர்மன் நாடகாசிரியர் ஷில்லரின் நாடகம் என்று எழுதி வைத்திருந்தேன். செவ்வியல் நாடகங்களைச் சின்னத் திரைக்குக் கொண்டுவந்த மனிதர், தலைப்பும் அதுவே. வேறென்னவாக இருக்கும் என்ற நினைப்பு. அவர் சிவப்பு மையால் அடித்து, 'கோலோ மான்' என்று எழுதினார். வாலன்ஸ்டைன் என்ற தளபதியைப் பற்றி அந்த வரலாற்றாசிரியர் எழுதிய வாழ்க்கை வரலாற்று நூலிலிருந்து எடுத்த நான்கு பாகத் தொடர் அது, ரோல்ஃப் பாய்சன் நடித்தது. மறு ஆண்டே விர்த், கோலோவின் அப்பா தாமஸ் மானின் 'புடன்புரூக்ஸ்' நாவலைப் பதினொரு பாகமாக எடுத்தார். முதலில் மகன், அப்புறம் அப்பா! இந்தத் தவறைச் செய்திராவிட்டால் அந்த வரிசை என் கண்ணில் பட்டிருக்காது.

ஓர் இடத்துக்கு மட்டும் நன்றி சொல்ல மனம் வரவில்லை. பழைய தொலைக்காட்சி நாடகங்கள் சிலவற்றைப் பார்க்க அனுமதி கேட்டு மூன்று கடிதம் போட்டேன், பதிலே இல்லை. பெயர் வேண்டாம், விடுங்கள். ஐம்பதுகளில் இங்கே தொலைக்காட்சி நாடகம் பெரும்பாலும் நேரலைதான். நடிகர் வசனத்தை மறந்தால் மறந்ததுதான், நாடு முழுக்கப் பார்க்கும். அந்தக் காலத்து விர்த்தைப் பற்றி நான் அதிகம் பேசாமல் நழுவியதைச் சிலர் கவனித்துக் கேட்டீர்கள். காரணம் இதுதான்.

நூலகத்து இளைஞருக்கு நன்றி: விர்த்தின் 'ஐன் ஷ்டுக் ஹிம்மல்' தொடரைத் தேடிப் பிடித்து, கெடு தாண்டியும் அபராதம் வாங்காமல் விட்டார். நாஜிகள் யூதர்களை அடைத்துவைத்த வார்சா கெட்டோவில் அடைபட்ட யூதச் சிறுமி யானினா டேவிட்டின் நினைவுகள் அது. நாடகமல்ல என்பதால் உரையில் அதைச் சேர்க்கவில்லை. பார்த்து முடித்த இரண்டு நாள் யாரிடமும் சரியாகப் பேச முடியவில்லை, அது தனிக் கதை.

இரவுப் பணியை ஐந்து முறை மாற்றிக்கொடுத்த போலந்துத் தோழிக்கு நான் ஐந்து ஞாயிறு கடன். தமிழ்ப் பள்ளி ஆசிரியை அக்காவுக்கு இதைவிடப் பெரிய கடன். ஷ்லேகெலின் அந்த ஒரு வரியைத் தமிழில் சொல்ல நானும் அவரும் ஒரு மாலை முழுக்க மல்லுக்கட்டினோம். 'இருப்பதா, இல்லாமல் போவதா' என்று நான் எழுதியதைப் பார்த்து, "வாடகை வீட்டைக் காலி பண்ணுகிற மாதிரி இருக்கு தம்பி" என்றார். கடைசியில் 'இருப்பதா இறப்பதா' என்று வைத்தோம். எனக்கு இன்னும் முழுத் திருப்தியில்லை, அக்காவுக்கும்தான். ஆனால் ஷெல்லின் உதட்டசைவோடு அது ஓரளவு பொருந்தியது என்று முன்வரிசைச் சிறுவன் சொன்னான்.

புரொஜெக்டரைத் தூக்கிக்கொண்டு 25-ஆம் எண் டிராமில் வந்த அண்ணாவுக்கும், வடையோடு வந்த மாமிக்கும் நன்றி. வடை முடிந்த பிறகுதான் கேள்வி நேரம் தொடங்கியது என்பதை மாமி கவனித்திருப்பார்.

எல்லாவற்றையும் மறுநாள் தையலம்மாவிடம் சொன்னேன். அவர் கேட்டது ஒன்றுதான்: 'ஹெல்டன்' காட்டினாயா? பெர்னார்ட் ஷாவின் நாடகத்தை வைத்து விர்த் 1958-இல் சினிமாவாக எடுத்தது, வெளிநாட்டுப் படத்துக்கான ஆஸ்கர் பரிந்துரை வரை போனது. தோட்டாவுக்குப் பதில் சாக்லேட் சுமக்கும் சிப்பாயின் கதை. நேரமில்லை, காட்டவில்லை என்றேன். சரி, வியாழக்கிழமை இரவுச் சாப்பாட்டுக்கு அப்புறம் தன் அறையில் போடு என்றார். கையோடு சாக்லேட்டும் வேண்டுமாம். அவருக்குச் சர்க்கரை வியாதி. சர்க்கரை போடாததாக வாங்கிவருகிறேன் என்றேன். அப்படியென்றால் படமும் வேண்டாமாம்.

அன்புடன்,
சனிக்கிழமை பேசியவன்
முனிச்