ஜனவரிப் பக்கத்துக் கணக்கு

சேசு மரி சூசை

புதுச்சேரி, பிப்ரவரி 9

அன்பு மகளுக்கு அப்பா எழுதுவது. நாங்கள் இங்கு நலம். அம்மாவின் முழங்கால் பழையபடிதான். மாமா விஷயம் ஒருவழியாக முடிந்தது. நீ தொலைபேசியை எடுக்கும் அன்று அம்மாவே சொல்வாள். திராட்சைத் தோட்டக்காரர்களின் பாதுகாவலர் வின்சென்ட் திருநாள் அன்று கூப்பிடுவாய் என்று இருவரும் விழித்திருந்தோம். ஜனவரி 22 அன்று அங்கே பிரான்சில், பர்கண்டித் தோட்டங்களில் யாருக்கும் ஓய்வு இருக்காது என்று அம்மாவிடம் நானே சொல்லிவிட்டேன்.

சனிக்கிழமை வரும் பார்வையாளர்களுக்கு மடத்துத் துறவிகளைப் பற்றி என்ன சொல்லலாம் என்று கேட்டிருந்தாய். அதோடு ஜனவரி மாத நிரப்பல் கணக்கையும், அதாவது பீப்பாயில் குறைந்த ஒயினுக்கு ஈடாக ஊற்றிய கணக்கையும், படம் எடுத்து அனுப்பியிருந்தாய். இருபது பீப்பாய்க்கு நீ ஒருத்தி பொறுப்பு. படத்தைப் பெரிதாக்கி அம்மாவிடம் காட்டினேன். கோவிலில் பக்கத்து வரிசைக்காரரிடமும் காட்டினேன். கையெழுத்து உன் பாட்டியின் கையெழுத்தேதான்.

முதலில் துறவிகள். 1098-இல் தொடங்கு. மொலேம் மடத்து அதிபர் ராபர்ட் சில துறவிகளைக் கூட்டிக்கொண்டு, டிஜோனுக்குத் தெற்கே சதுப்புக் காட்டில் சித்தோ மடத்தை நிறுவினார். அந்த மண் திராட்சைக்கு ஆகாது. அதனால் மேற்கே சரிவுக்கு வந்தார்கள். கொடையாகக் கிடைத்த துண்டு, விலைக்கு வாங்கிய துண்டு என்று சேர்த்துச் சேர்த்து வூஜோவில் ஒரே தோட்டமாக்கினார்கள். சுற்றுச்சுவர் 1336 வாக்கில் முடிந்தது. உள்ளே சுமார் 50 ஹெக்டேர், இன்று அதற்கு 80 உரிமையாளர்கள் போல இருக்கிறார்கள். மேல்பகுதியில் சுண்ணாம்புக் கல்லின் மேல் மெல்லிய மண். கீழே சாலையோரம் களிமண், மழை பெய்தால் தண்ணீர் நிற்கும். ஒரே சுவர், ஒரே பெயர், ஆனால் ஒரே ஒயின் இல்லை. பார்வையாளர்களைச் சுவரருகே நிறுத்தி இதைச் சொன்னால் சட்டென்று புரியும்.

துறவிகள் மண்ணை வாயில் போட்டுச் சுவைத்தார்கள் என்ற கதையை மட்டும் சொல்லாதே. யாராவது கேட்டால் ஆதாரம் இல்லை என்று சொல். எந்தத் துண்டு யாரிடமிருந்து வந்தது என்ற கொடை ஏடுகள் இருக்கின்றன. ஏழு நூற்றாண்டு ஒரே சரிவில் குனிந்து நிமிர்ந்திருக்கிறார்கள். அதுவே போதும்.

1395 ஜூலை 31-ஆம் தேதி ஆணையையும் சொல்லலாம். பர்கண்டிக் கோமகன் பிலிப், கமே என்ற திராட்சைக் கொடியை மிகக் கெட்ட, மிக நேர்மையற்ற செடி என்று எழுதி வேரோடு பிடுங்கச் சொன்னார். கொடிக்கு எரு போடவும் தடை. சுற்றுலாக்காரர்கள் இதற்குச் சிரிப்பார்கள். நீ சிரிக்காமல் அடுத்ததையும் சொல். கமே நிறையக் காய்க்கும். கூலிக்கு உழைப்பவனுக்கு அதுதான் சோறு போட்டது. டிஜோன் நகர மன்றமே ஆணையை எதிர்த்தது. ஆனாலும் பெயர் கெட்டால் ஊரே கெடும் என்று கோமகன் பயந்ததில் நியாயம் உண்டு. போன் நகரத்து ஒயினுக்குப் பாரிஸ் போக நேரான ஆறு கிடையாது, வண்டியில்தான் போக வேண்டும். வண்டிச் செலவைத் தாங்கும் விலை வேண்டுமானால் தரம் வேண்டும். தெற்கே சோன் ஆறும் ரோன் ஆறும் இருந்ததால் திருத்தந்தையர் அப்போது இருந்த அவிஞோன் வரை சுலபமாகப் போனது. கர்தினால்மார் உரோமைக்குத் திரும்பத் தயங்குவதற்குப் போன் ஒயினும் ஒரு காரணம் என்று கவிஞர் பெத்ரார்க் திருத்தந்தை ஐந்தாம் உர்பானுக்கே எழுதினார்.

போன் நகரத்து ஒத்தேல் தியே மருத்துவமனையை நீயே என்னைவிட நன்றாகச் சொல்வாய். நிக்கொலா ரோலேனும் அவர் மனைவி கிகோன் தெ சலேனும் 1443 ஆகஸ்ட் 4 அன்று நிறுவியது. முதல் நோயாளி 1452 ஜனவரி 1. முதல் திராட்சைத் தோட்டக் கொடை 1457. கடைசி நோயாளிகள் 1971 வரை அங்கே இருந்தார்கள். ஏழைகளின் படுக்கைக்கும் கஞ்சிக்கும் அந்தத் தோட்டங்களின் ஒயின் பணம் கொடுத்தது. அந்த ஒயினை விற்கும் நவம்பர் ஏலம் 1859-இல்தான் தொடங்கியது என்பதையும் சொல், பலர் அதுவும் இடைக்காலத்தது என்று நினைக்கிறார்கள். அப்படிப்பட்ட இடத்தில் பீப்பாய்க் கணக்கில் ஒரு லிட்டர் குறைந்தால் அது யாரோ ஒரு நோயாளியின் பங்கு.

கணக்கு என்று வந்துவிட்டதால் ஆசீர்வாதப்பர் துறவிகளுக்கு எழுதிய ஒழுங்கை எடுத்துப் பார்த்தேன். சித்தோ துறவிகள் அதை எழுத்துப் பிசகாமல் கடைப்பிடிக்கத்தான் மொலேமை விட்டே வந்தார்கள். 31-ஆம் அதிகாரம் மடத்து உக்கிராணக்காரரைப் பற்றியது. ஞானம் உள்ளவராக, முதிர்ச்சி உள்ளவராக, நிதானம் தவறாதவராக இருக்க வேண்டும். மடத்தின் பாத்திரங்களையெல்லாம் பலிபீடத்துப் பாத்திரம்போல மதிக்க வேண்டும். 40-ஆம் அதிகாரம் குடிக்கும் அளவு. ஆளுக்கு நாளொன்றுக்கு ஒரு ஹெமினா. கால் லிட்டருக்குச் சற்று மேல் என்று கணக்கிடுகிறார்கள். துறவிகளுக்குத் திராட்சை இரசமே ஆகாது என்று படித்திருக்கிறோம், ஆனால் இந்தக் காலத்துத் துறவிகளை அதற்கு இணங்க வைக்க முடியவில்லை, அளவோடு குடிக்கவாவது சம்மதிப்போம் என்கிறார். காரணமும் சொல்கிறார்: திராட்சை இரசம் ஞானிகளையும் நெறி தவற வைக்கும். ஆறாம் நூற்றாண்டில் எழுதியது. இதையும் பார்வையாளர்களிடம் சொல்.

இனி உன் பக்கம். இருபது பீப்பாய், தலா 228 லிட்டர். ஜனவரியில் நிரப்ப எடுத்தது 36 லிட்டர் என்று எழுதியிருக்கிறாய்.

நல்ல ஈரமான நிலவறையில் ஒரு பீப்பாய் வருஷத்துக்கு 9 லிட்டர் போல இழக்கும். மாதத்துக்கு முக்கால் லிட்டர், இருபதுக்கும் சேர்த்து 15. அதற்கு மேல் போனது எதனால் என்று ஒவ்வொன்றாகப் பார். ஈரப்பதமானியை முதலில் பார். 80 சதவீதத்துக்கும் 90-க்கும் நடுவே இருக்க வேண்டும். 60-க்கு இறங்கியிருந்தால் மரம் தண்ணீரை வெளியே விடும், இழப்பு இரட்டிப்பாகிவிடும். அந்தப் பச்சைக் கதவை யாராவது திறந்து வைத்திருக்கிறார்களா? மேலே சூடேற்றிக் குழாய் போட்டார்களா? 60 என்று காட்டினால் எனக்கு உடனே எழுது. தரையில் தண்ணீர் தெளித்து இரண்டு வாரத்தில் சரி செய்துவிடலாம்.

புதுப் பீப்பாய் ஆறு இருக்கிறது என்றாய். புது ஓக் மரம் நாலைந்து லிட்டர் உறிஞ்சும், ஆனால் அது முதல் சில வாரங்களில். நீ ஊற்றியது அக்டோபரில். ஜனவரியில் அதைக் காரணம் சொல்ல முடியாது. குளிரில் ஒயின் சுருங்கும். நிலவறை 12 டிகிரியிலிருந்து 9-க்கு இறங்கியிருந்தால் இருபது பீப்பாயிலும் சேர்த்து இரண்டரை லிட்டர் மட்டம் குறையும், ஒரே ஒரு தடவை. சனிக்கிழமைச் சுவைப்பு: எட்டுப் பேர், ஆளுக்கு 4 சென்டிலிட்டர், இரண்டு பீப்பாய், நாலு வாரம். அதுவும் இரண்டரை. அந்தச் சுவைப்பில் நீயும் துப்ப வேண்டும். விருந்தாளி விழுங்கட்டும், அவர் அன்று ஒருநாள் வருகிறார். நீ தினமும் சுவைக்கிறாய். துப்பு.

கசிவு இருக்கிறதா பார். டார்ச் எடுத்து ஒவ்வொரு பீப்பாயின் அடிவயிற்றையும் முகப்புப் பலகை வந்து பொருந்தும் பள்ளத்தையும் பார். கருஞ்சிவப்பாகப் பிசுபிசுத்தால் அங்கேதான். மரப்பூச்சித் துளை குண்டூசி முனையளவுதான் இருக்கும், கூர்சீவிய சிறு மரமுளையை அடித்து மட்டமாக நறுக்கிவிடு. பலகை இணைப்பில் மெல்லக் கசிந்தால் பூண்டையும் சுண்ணக்கட்டிப் பொடியையும் சேர்த்து அரைத்துத் தேய். அதற்கும் நிற்காவிட்டால் வளையத்தைத் தட்டி இறுக்கு, அதற்கும் நிற்காவிட்டால் பீப்பாய்த் தச்சரைக் கூப்பிடு. தக்கைக்குக் கீழே துணி சுற்றும் பழக்கம் அங்கே இன்னும் இருந்தால் நிறுத்திவிடு. துணி ஒயினை மேலே இழுக்கும், அந்தத் துணியில்தான் காடி பிறக்கும்.

நிரப்பும்போது எடுக்கும் குடுவையை முதலில் முகர்ந்து, சுவைத்து, துப்பு. பாதி காலியான குடுவை ஒரு வாரம் நின்றிருந்தால் அது கெட்டிருக்கலாம். கெட்டதை இருபது பீப்பாய்க்கும் பங்கு போட்டுவிடுவாய். 57 லிட்டர்ச் சிறு பீப்பாயிலிருந்து எடுத்தால் மீதியை உடனே சிறிய குடுவைகளில் கழுத்துவரை நிரப்பி அடை. தக்கையைச் சுற்றிக் கந்தகக் கரைசலில் நனைத்த துணியால் துடை. நீண்ட மூக்குக் கேனால் மெதுவாக ஊற்று, துளைக்குப் பக்கத்தில் மரச்சுத்தியால் நாலு தட்டுத் தட்டு, குமிழி மேலே வந்து மட்டம் இறங்கும், மறுபடி விளிம்புவரை ஊற்று. கட்டற்ற கந்தக டை ஆக்சைடு லிட்டருக்கு 25 முதல் 30 மில்லிகிராம். மேலே இடைவெளி விட்டால் காடிக் கிருமி வரும். அதனால் ஏறும் ஆவியாகும் அமிலம் கந்தக அமிலக் கணக்கில் லிட்டருக்கு 0.98 கிராமைத் தாண்டினால் சிவப்பு ஒயினாக விற்கவே முடியாது. எழுதும்போது மொத்தமாக எழுதாதே. பீப்பாய் எண், தேதி, எவ்வளவு, எதற்கு. நிரப்ப எடுத்தது ஒரு பத்தி, சுவைக்க எடுத்தது ஒரு பத்தி, ஆய்வகத்துக்குப் போனது ஒரு பத்தி.

பதினைந்தும் இரண்டரையும் இரண்டரையும் இருபது. மீதி பதினாறு லிட்டர். 31 நாளால் வகுத்துப் பார்த்தேன். நாளுக்கு அரை லிட்டருக்குக் கொஞ்சம் கூடுதல். கிட்டத்தட்ட இரண்டு ஹெமினா.

கசிவாக இருக்கும். ஈரப்பதமாக இருக்கும். ஆனால் அந்த நிலவறை வடக்குப் பார்த்தது, வளைவுக் கூரை, எந்தக் குளிர்காலத்திலும் 85-க்குக் கீழே இறங்கி நான் பார்த்ததில்லை. இராத்திரி வேலை முடிந்து கீழே தனியாக இருக்கிறாயா? சாப்பிட்டுவிட்டுத்தான் இறங்குகிறாயா? டிசம்பரில் ஒருநாள் இரவு பேசினாயே, அன்று அம்மா உனக்குக் காய்ச்சல் என்று நினைத்தாள். நானும் ஆமாம் என்றேன்.

பாப்பா, ஆவியாகிப் போவதை அங்கே சம்மனசுகள் பங்கு என்று சொல்வார்கள். நான் பன்னிரண்டு வருஷம் அந்தப் பத்தியை எழுதியவன். அதில் பாதி என் பங்கு. பென்சிலில் எழுதுவேன், மாதக் கடைசியில் திருத்துவேன். ஈரம் குறைவு என்று ஒரு மாதம், கசிவு என்று ஒரு மாதம். மேலே எழுதியிருக்கும் காரணங்கள் எல்லாம் எனக்கு மனப்பாடமாகத் தெரிவது அதனால்தான். 1998-க்குப் பிறகு நம் வீட்டில் அதைப் பற்றி யாரும் வாய் திறப்பதில்லை. நீ அப்போது சின்னப்பெண், உனக்குத் தெரியாது என்று அம்மாவும் நானும் நினைத்துக்கொண்டோம். ஞாயிற்றுக்கிழமைகளில் உன் தண்ணீர் டம்ளரில் இரண்டு சொட்டு விட்டு நிறம் பார்க்கச் சொல்லிக் கொடுத்தவன் நான். முகரச் சொல்லிக் கொடுத்தேன், நாக்கின் ஓரத்தில் உணரச் சொல்லிக் கொடுத்தேன். துப்பச் சொல்லிக் கொடுக்கவில்லை. நான் துப்பியதே இல்லை.

அந்தப் பக்கத்தை எனக்கு ஏன் அனுப்பினாய் என்று இரண்டு இரவாக யோசிக்கிறேன். நம் தொழிலில் யார் பார்த்தாலும் 36 கண்ணில் படும், எனக்குப் படும் என்று உனக்குத் தெரியும். நான் திட்டப் போவதில்லை. டிஜோனில் எனக்கு வைத்தியம் பார்த்தவர் இப்போது இல்லை, ஆனால் அந்த இடம் இருக்கிறது. செவ்வாயும் வெள்ளியும் மாலையில் திறந்திருக்கும், பெயர் கேட்க மாட்டார்கள். நீ சொன்னால் ஏப்ரலில் நானே வந்து கூட உட்காருகிறேன். அம்மாவிடம் நான் எதுவும் சொல்லவில்லை.

பிப்ரவரிப் பக்கத்தையும் அனுப்பு. எவ்வளவு வந்தாலும் வந்தபடியே எழுது. படத்தில் 6 என்ற எண்ணுக்குக் கீழே ரப்பர் தேய்த்த தடம் தெரிகிறது. பேனாவில் எழுது.

அப்பா