ஏழாம் நம்பரைப் பார்

மாப்ள,

உன் இரண்டு கடிதத்துக்கும் சேர்த்து இந்த ஒரு பதில். தாமதத்துக்கு என்ன வேண்டுமானாலும் திட்டிக்கொள். இங்கே எல்லோரும் நலம். மாஸ்டரிடம் கேட்டதாகச் சொல்.

மட்டையால் சிறு பந்தை அடித்து ஆடும் அயர்லாந்து ஆட்டமான ஹர்லிங்கின் வீரர் ஷான் ஓக் ஓ ஹால்பீனைப் பற்றி நீ எழுதியதில்தான் எனக்குச் சண்டை. “கமென்டரி கேட்டேன், கோப்பை வாங்கியதும் அவர் பேசிய பேச்சைப் பார்த்தேன், போதும்” என்கிறாய். எப்படிடா போதும்? “அப்பா ஃபெர்மனா, அம்மா ஃபிஜி, ரெண்டுமே ஹர்லிங் கோட்டை இல்லை” என்று வர்ணனையாளர் மீஹால் ஓ முர்ஹர்ட்டி சொன்னது அருமையான வரிதான். ஆனால் அவர் ரேடியோக்காரர். டிவி பதிவில் அந்த வரியைத் தேடி அலையாதே. பேச்சும் அப்படித்தான், சிலிர்க்க வைக்கும்: ஃபிஜியின் ரோட்டுமா தீவுத் தாயின் மகன், 11 வயதில் சிட்னியிலிருந்து அயர்லாந்தின் காக் நகருக்கு வந்தவன், 2005-இல் காக் அணியின் கேப்டனாக நின்று ஐரிஷ் மொழியிலேயே பேசுகிறான். ஆனால் கோப்பை அந்தக் கையில் எப்படி வந்தது என்பது பேச்சில் தெரியாது.

2005 செப்டம்பர் 11, டப்ளினின் குரோக் பார்க் மைதானம், அயர்லாந்து ஹர்லிங் இறுதி: காக் 1-21, கால்வே 1-16. முதல் எண் கோல், அடுத்தது புள்ளி; கோலுக்கு 3 புள்ளி, ஆக 24-19. முழு ஆட்டத்தையும் எடு. காக் அணியின் 7-ஆம் எண்தான் நம் ஆள், இடது ஹாஃப் பேக், அதாவது தடுப்பு வரிசையில் இடப்பக்கம். கேமரா பந்தோடு ஓடுவதால் அவர் வேலையில் பாதி படத்துக்கு வெளியேதான் நடக்கும். கோல்கீப்பர் அடித்த பந்து இறங்கும்போதுதான் 7 உள்ளே வருவார். ஒவ்வொரு முறையும் 5 விநாடி பின்னால் போய், எந்தப் பக்கமிருந்து ஓடி வருகிறார் என்று பார். நின்ற இடத்தில் எம்புகிறவனை ஓடி வந்து எம்புகிறவன் ஜெயிப்பான்.

அப்புறம் கை. வலக்கையில் மட்டை, இடக்கையில் பிடி. மட்டை சும்மா தொங்கக் கூடாது. பிடிக்கும் கைக்குக் கேடயமாக மேலே எழ வேண்டும். தலைக்கு நேர் மேலே பிடித்தால் பின்னால் நிற்பவன் மட்டை விரலைப் பதம் பார்த்துவிடும். அரையடி முன்னால் பிடித்து, உடனே நெஞ்சுக்கு இறக்க வேண்டும். கையில் வைத்து நாலு எட்டுக்கு மேல் போகக் கூடாது, அதற்குள் அடிக்கவோ, கையால் தட்டிவிடவோ, மட்டை மேல் ஏற்றவோ வேண்டும்.

பந்து மங்கலாகத் தெரிகிறது என்றாயே, உன் கண்ணில் கோளாறில்லை. பந்தின் குறுக்களவே 7 செ.மீ.தான். அது மணிக்கு 150 கி.மீ. வேகத்தில் போனால் விநாடிக்கு 25 பிரேம் ஓடும் காப்பியில் பிரேமுக்கு 1.67 மீட்டர் தாண்டிவிடும். பழைய ஒளிபரப்பில் விநாடிக்கு 50 அரைப்படங்கள் (ஒன்று விட்டு ஒரு வரி மட்டும் உள்ள படங்கள்) உண்டு. டிஇன்டர்லேஸ் செய்யும்போது, அதாவது அவற்றை முழுப்படமாக மாற்றும்போது, அவற்றைச் சேர்க்காமல் 50 பிரேமாகவே பிரி. பந்து விரலுக்குள் போவது அப்போது தெரியும்.

முடிந்தால் 1999 இறுதியையும் தேடு. காக் 0-13, கில்கென்னி 0-12. மழை, வழுக்கும் பந்து. இரண்டே வாரத்தில் அதே மனிதர் மீத் அணிக்கு எதிராகக் கேலிக் கால்பந்து (கையாலும் ஆடும் அயர்லாந்துக் கால்பந்து) இறுதியும் ஆடினார், அதில் தோல்வி. இரண்டையும் பார்த்துவிட்டு எழுது, பேச்சைப் பற்றி அப்புறம் பேசலாம்.

உன்,
பழைய பெஞ்சுக்காரன்